மாவு பொங்காத ஊரில் ஒரு பீர்

2008 நவம்பரில் சான் பிரான்சிஸ்கோவுக்குக் குடிவந்தபோது எனக்கு வேலையைப் பற்றிய கவலை இல்லை. இட்லி மாவைப் பற்றித்தான் கவலை. கோவில்பட்டியில் ராத்திரி கரைத்து வைத்த மாவு விடியும்போது மூடியைத் தள்ளிக்கொண்டு நிற்கும். வெயில் காலத்தில் இன்னும் மோசம், பத்து மணிக்கே புளித்துப்போகும். இங்கே இரண்டு ராத்திரி கழித்துத் திறந்து பார்த்தாலும் வைத்தது வைத்தபடியே இருந்தது. அம்மாவிடம் போனில் சொன்னேன்.

"கையால கரைச்சியா, கரண்டியாலயா?"

"கையாலதாம்மா."

"அப்ப ஊருதான் சரியில்ல."

அவள் சொன்னது சரி. இந்த ஊரில் பசிபிக் கடலிலிருந்து மூடுபனி ஏறி வரும். கோடையில்கூட சாயங்காலம் ஸ்வெட்டர் இல்லாமல் வெளியே போக முடியாது. ஆனால் உறைபனி விழுகிற குளிரும் இல்லை. வருடத்தில் பெரும்பகுதி பன்னிரண்டு டிகிரிக்கும் பதினெட்டு டிகிரிக்கும் நடுவிலேயே இழுத்துக்கொண்டிருக்கும். மாவைப் பொங்க விடாத, தண்ணீரை உறையவும் விடாத ஒரு நடுவாந்திரக் குளிர். இந்தக் குளிரை நம்பி ஒரு பீர் பிறந்தது, நூறு வருடத்துக்கு மேல் வாழ்ந்தது என்று தெரிந்துகொள்ள எனக்கு நாலைந்து மாதம் ஆயிற்று.

நான் குடியிருந்தது பொட்ரேரோ ஹில் அடிவாரத்தில், ஒரு வீட்டின் பின்கட்டு அறை. வாரத்தில் சில நாள் காலையில் கதவைத் திறந்தால் தெருவெல்லாம் ஒரு வாசனை அடிக்கும். எட்டாம் வகுப்பு முழுப்பரீட்சை சமயத்தில் அம்மா டம்ளரில் ஆற்றிக் கொடுக்கும் ஹார்லிக்ஸ் வாசனை அப்படியே. யார் வீட்டில் இவ்வளவு ஹார்லிக்ஸ் காய்ச்சுகிறார்கள் என்றுதான் முதலில் நினைத்தேன். அலுவலகத்தில் என் பக்கத்து இருக்கைக்காரன் யாழ்ப்பாணத்தில் பிறந்து டொராண்டோவில் வளர்ந்தவன். அவனிடம் கேட்டேன்.

"மச்சான், அது ஹார்லிக்ஸ் இல்லை. ஆங்கர். அங்க பீர் காய்ச்சுறாங்கள்."

இரண்டுக்கும் பெரிய தூரம் இல்லை என்பது பின்னால் புரிந்தது. பார்லியை முளைகட்டி உலர்த்தினால் மால்ட். ஹார்லிக்ஸில் இருப்பதும் அதுதான், பீருக்கு ஊறப்போடுவதும் அதுதான். வெந்நீரில் மால்ட் ஊறும்போது அந்த வாசனை எழுகிறது. மரிபோசா தெருவும் டி ஹாரோ தெருவும் சேரும் முக்கில் ஆங்கர் புரூயிங் கம்பெனியின் கட்டடம் இருந்தது. 1937-இல் ஒரு காப்பிக்கொட்டை வறுக்கும் கம்பெனிக்காகக் கட்டியதாம். காப்பி வாசனை போய் மால்ட் வாசனை வந்திருக்கிறது. அந்தத் தெருக்காரர்களுக்கு எப்போதும் கொடுத்துவைத்த மூக்கு.

அப்போது சுற்றிப்பார்க்கக் காசு கிடையாது. போன் செய்து பெயர் கொடுத்தால் சில வாரம் கழித்து ஒரு நாள் தருவார்கள். 2009 மார்ச்சில் எங்களுக்கு இடம் கிடைத்தது. நான் அதுவரை பீர் என்றால் ஒரே வகை என்று நினைத்திருந்தவன். ஊரில் எங்களுக்குக் கேள்வி இரண்டுதான்: ஸ்ட்ராங்கா, கூலிங் இருக்கா. ருசி என்று ஒன்று இருப்பதாக யாரும் சொன்னதில்லை. ஐஸ் மாதிரி இருந்தால் ருசி தெரியாது, அதனால்தான் கூலிங் கேட்கிறோம் என்பதுகூட எனக்குப் பின்னால்தான் உறைத்தது.

உள்ளே போனதும் கண்ணில் பட்டது செம்பு. ஜெர்மனியிலிருந்து வந்த மூன்று பெரிய செம்புக் கொப்பரைகள், மேலே குவிந்து குழாயாகப் போகிற மூடியோடு, கல்யாண வீட்டு அண்டாவைத் தேய்த்து வைத்தது போல மின்னின. ஒன்றில் மால்ட்டை வெந்நீரில் ஊறவைப்பார்கள், அடுத்ததில் சக்கையை வடிப்பார்கள், மூன்றாவதில் வடித்த சாற்றை, பீருக்குக் கசப்பும் வாசனையும் தருகிற ஹாப்ஸ் பூவோடு கொதிக்க விடுவார்கள். ஹாப்ஸ் இருந்த அறைக்குப் போனபோது வழிகாட்டியாக வந்த அம்மாள் ஆளுக்கொரு பிடி பூவைக் கையில் போட்டு, கசக்கி முகர்ந்து பாருங்கள் என்றார். பல கம்பெனிகள் அதைப் பொடித்து மாத்திரை போல அழுத்தி வாங்குகின்றன. இங்கே முழுப் பூவாகவே போட்டார்கள். கசக்கினால் விரலெல்லாம் மஞ்சளாகப் பிசுபிசுத்தது. முதலில் பம்பளிமாஸ் தோல் வாசனை, கொஞ்சம் பொறுத்தால் நாரத்தை இலை. அன்று சாயங்காலம் சோப்பு போட்டுக் கழுவியும் போகவில்லை.

நான் நின்று நின்று பார்த்தது அடுத்த அறையை. கண்ணாடிக்குப் பின்னால் பெரிய தாம்பாளங்கள் போல அகலமான, ஆழமே இல்லாத தொட்டிகள். நின்றால் முழங்காலைத் தாண்டி அதிகம் இருக்காது. மூடி கிடையாது. மேலே பழுப்பு நுரை திட்டுத் திட்டாக ஏறி நின்றது. மாவு பொங்கியிருந்தது! என் வீட்டிலிருந்து ஆறு தெரு தள்ளி, அதே குளிரில்.

விஷயம் இதுதான். பீரைப் பொங்கவைக்கிற நுண்ணுயிர் ஈஸ்ட். அதில் பெரிதாக இரண்டு கூட்டம். ஏல் ஈஸ்ட் இருபது டிகிரி வாக்கில் சுறுசுறுப்பாக வேலை செய்யும். லாகர் ஈஸ்ட்டுக்குப் பத்து டிகிரிக்குப் பக்கத்தில் குளிர் வேண்டும், நிதானமாகச் செய்யும். தங்க வேட்டைக்குக் கலிபோர்னியாவில் கூட்டம் கூடிய காலத்தில் வந்த ஜெர்மானியர்களுக்குத் தெரிந்தது லாகர். ஆனால் பாறையறைகளில் பனிக்கட்டி அடுக்கிவைக்க இங்கே பனிக்கட்டி ஏது? குளிர்பதன இயந்திரமும் கிடையாது. அதனால் லாகர் ஈஸ்டையே அதற்குப் பிடிக்காத சூட்டில், பதினாறு டிகிரி வாக்கில் வேலை வாங்கினார்கள். பொங்கும்போது தானாக ஏறும் சூடு சீக்கிரம் தணிய வேண்டும் என்று அகலமான ஆழமில்லாத தொட்டியில் பரப்பினார்கள். கடல்காற்று மிச்சத்தைப் பார்த்துக்கொண்டது. இட்லிக்கு முப்பது டிகிரி வேண்டும், லாகருக்குப் பத்து வேண்டும். இந்த ஊர் இரண்டையும் தராமல் நடுவில் நின்றது. கிடைத்ததை வைத்துச் சமாளித்தார்கள், புது ருசி ஒன்று கிடைத்தது.

அதற்கு ஸ்டீம் பீர் என்று பெயர். ஏன் ஆவி என்பதற்குக் கதைகள் உண்டு. கூரைமேல் வைத்த தொட்டிகளிலிருந்து குளிர் ராத்திரியில் ஆவி பறந்ததைப் பார்த்து வைத்த பெயர் என்கிறார்கள் சிலர். பீப்பாய்க்குள் அழுத்தம் அதிகம், குழாய் பொருத்தும்போது ரயில் என்ஜின் மாதிரி புஸ்ஸென்று சீறும், அதனால்தான் என்கிறார்கள் சிலர். எனக்கு இரண்டாவதுதான் பிடித்திருக்கிறது. அந்த அழுத்தம் வரச் செய்யும் முறையும் நமக்குப் புரியக்கூடியதே: பொங்கி முடிந்த பீரை மூடிய தொட்டிக்கு மாற்றும்போது, பொங்கிக்கொண்டிருக்கும் புது பீரைக் கொஞ்சம் அதில் ஊற்றுவார்கள். பாலுக்கு உறை ஊற்றுவதுபோல.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் இது ஒரு கம்பெனியின் சொத்து அல்ல. சான் பிரான்சிஸ்கோவில் பலரும் காய்ச்சிய மலிவான தொழிலாளர் பீர். ஒவ்வொன்றாக எல்லாம் போய், கடைசியில் மிஞ்சியது ஆங்கர் மட்டும். மிஞ்சியது என்று சுலபமாகச் சொல்லிவிட்டேன். அந்தக் கம்பெனியின் ஜாதகத்தைப் பார்த்தால் ஏழரைச் சனி ஏழு தடவை வந்துபோனது மாதிரி இருக்கும்.

1871-இல் காட்லீப் பிரெக்லே என்ற ஜெர்மானியர் பசிபிக் தெருவில் பில்லியர்ட்ஸ் மேசை போட்ட ஒரு குடிக்கடையை வாங்கி வடிசாலை ஆக்கினார். 1896-இல் எர்ன்ஸ்ட் பாரூத்தும் அவருடைய மருமகன் ஓட்டோ ஷிங்கலும் அதை வாங்கி ஆங்கர் என்று பெயர் வைத்தார்கள். நங்கூரம் சின்னமும் அப்போதிருந்துதான். 1906 பிப்ரவரியில் மாமனார் திடீரென்று இறந்தார். இரண்டு மாதம் கழித்து ஏப்ரல் 18-இல் பெரிய பூகம்பம், தொடர்ந்து நகரமே எரிந்தது, வடிசாலையும் எரிந்தது. மருமகன் விடாமல் வேறு இடத்தில் புதிதாகத் தொடங்க ஏற்பாடு செய்தார். 1907 தொடக்கத்தில் அவர்மீது டிராம் ஏறிவிட்டது. மிச்சமிருந்தவர்கள் இழுத்துப்பிடித்து நடத்திக்கொண்டு வந்தால் 1920-இல் மதுவிலக்கு. பதின்மூன்று வருடம் பூட்டு. 1933-இல் விலக்கு நீங்கியதும் ஜோ கிரௌஸ் என்பவர் திறந்தார். ஒரு வருடம் முடிவதற்குள் மறுபடியும் தீ. ஜோ ஆலன் என்ற கூட்டாளியோடு சேர்ந்து மறுபடியும் இன்னொரு இடம். 1959-இல் ஆலனாலும் முடியாமல் மூடினார், 1960-இல் லாரன்ஸ் ஸ்டீஸ் என்பவர் வாங்கித் திறந்தார்.

இந்தக் கதையை மாடியில் இருந்த பாரில், சுவரில் மாட்டிய பழைய படங்களைக் காட்டி அந்த அம்மாள் சொன்னபோது யாழ்ப்பாணத்தான் என் காதில், "இவங்களுக்கு ஆரோ செய்வினை வைச்சிருக்கினம்" என்றான்.

1965-இல் உள்ளே வருகிறார் ஃபிரிட்ஸ் மேட்டாக். பெயரைக் கேட்டதும் அமெரிக்காக்காரர்களுக்குத் துணி துவைக்கும் மெஷின்தான் ஞாபகம் வரும். அந்தக் குடும்பம்தான், கம்பெனியைத் தொடங்கியவரின் கொள்ளுப்பேரன். அப்பா அயோவாவில் நீலச் சீஸ் பண்ணை வைத்திருந்தவர். ஸ்டான்ஃபோர்டில் இலக்கியம் படித்துவிட்டு என்ன செய்வது என்று தெரியாமல் சுற்றிக்கொண்டிருந்த பையன். நார்த் பீச்சில் ஓல்ட் ஸ்பகெட்டி ஃபேக்டரி என்ற உணவகத்தில் வழக்கமாக ஸ்டீம் பீர் குடிப்பார். ஒரு நாள் அங்கே உரிமையாளர், இந்தக் கம்பெனியை மூடப்போகிறார்கள், அதற்குள் ஒருதடவை போய்ப் பார்த்துவிடு என்றாராம். மறுநாள், அப்போது கம்பெனி இருந்த எட்டாவது தெருவுக்குப் போனார். சில ஆயிரம் டாலருக்கு 51 சதவீதத்தை வாங்கிக்கொண்டார். நம் ஊரில் பையன் இப்படிச் செய்திருந்தால் வீட்டில் என்ன நடந்திருக்கும் என்று யோசித்துப் பார்க்கிறேன்.

வாங்கியபோது அந்த பீர் அடிக்கடி புளித்துப்போகும். திறந்த தொட்டி என்றால் நல்ல ஈஸ்ட் மட்டுமா வரும், கண்ட கிருமியும் வரும். நம் பானையில் அந்தக் கிருமிகளை வரவேற்கிறோம், மாவு புளிப்பதே அவற்றால்தான். பீருக்கு அவை எமன். மேட்டாக் மைக்ராஸ்கோப் வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். தேய்த்துக் கழுவுவதுதான் இந்தத் தொழிலில் பாதி என்று கண்டுகொண்டார். சர்க்கரை கலப்பதை நிறுத்தி மால்ட் மட்டும் போட்டார். பெரிய கம்பெனிகள் அப்போது, இப்போதும், செலவையும் ருசியையும் லேசாக்க அரிசி, சோளம் எல்லாம் சேர்ப்பார்கள். பட்வைசரில் அரிசி உண்டு. தினம் மூன்று வேளை அரிசி தின்று வளர்ந்தவன் நான், ஆனாலும் சொல்கிறேன்: அது சோறாகவே இருந்திருக்கலாம்.

1969-இல் முழுக் கம்பெனியும் அவர் கைக்கு வந்தது. 1971-இல் முதல்முறையாக ஸ்டீமை பாட்டிலில் அடைத்தார்கள், அதுவரை பீப்பாய்தான். 1972-இல் போர்ட்டர், கருகக் கருக வறுத்த மால்ட்டில் செய்த கறுப்பு பீர். அந்த வகை இங்கிலாந்திலேயே ஏறக்குறைய வழக்கொழிந்திருந்த சமயம் அது.

எல்லாவற்றையும்விட முக்கியமான வருடம் 1975. ஏப்ரல் 18-இல் ஒரு பீர் காய்ச்சினார்கள். அமெரிக்கச் சுதந்திரப் போர் தொடங்கும் சமயத்தில் பால் ரிவியர் என்பவர் ராத்திரியோடு ராத்திரியாகக் குதிரையில் போய், பிரிட்டிஷ் படை வருகிறது என்று எச்சரித்த நாளின் இருநூறாவது ஆண்டு நிறைவுக்காக. அதே ஏப்ரல் 18-தான் பூகம்பத்தில் வடிசாலை அழிந்த நாளும். கணக்குப் போட்டுச் செய்தார்களோ இல்லையோ, எனக்கு அந்தத் தேதி பிடித்துவிட்டது. அந்த பீர் பிறகு லிபர்ட்டி ஏல் ஆயிற்று. நான் உள்ளங்கையில் கசக்கிய பம்பளிமாஸ் வாசனைப் பூவின் பெயர் காஸ்கேட், எழுபதுகளின் தொடக்கத்தில்தான் அமெரிக்க விவசாயிகள் கைக்கு வந்த ரகம். அதைத் தாராளமாகக் கொட்டி, பொங்கி முடிந்த பிறகும் தொட்டிக்குள் இன்னொரு தடவை பச்சையாகப் போட்டு ஊறவிட்டார்கள். கொதிக்கும்போது போட்டால் கசப்பு வரும், ஆறிய பிறகு போட்டால் வாசனை நிற்கும். ரசத்தை இறக்கிய பிறகு கொத்தமல்லி தூவுகிறோமே, அதே சூட்சுமம். இன்றைக்கு உலகம் முழுக்க ஐபிஏ என்று விற்கிற வாசனை பீர்களுக்கெல்லாம் ஏதோ ஒரு தலைமுறையில் இது பாட்டி.

அதே வருடம் ஓல்ட் ஃபாக்ஹார்ன். மூடுபனியில் கப்பல்களுக்கு வழிசொல்லி அலறும் சங்குதான் ஃபாக்ஹார்ன், ராத்திரிகளில் என் அறைவரை கேட்கும். எட்டு சதவீதத்துக்கு மேல் ஆல்கஹால், பார்லி வைன் என்கிற கெட்டியான பீர் வகை. இதில் ஒரு விஷயம் எனக்குச் சட்டென்று புரிந்தது. மால்ட்டை ஊறவைத்து முதலில் வடியும் கெட்டிச் சாறு மட்டும் இதற்கு. தண்ணீர் விட்டு இரண்டாவதாக வடிக்கும் சாற்றை வீணாக்காமல் ஸ்மால் பீர் என்று மூன்று சதவீத வாக்கில் தனியாக ஒன்று செய்தார்கள். தேங்காய் முதல் பால், இரண்டாம் பால். நான் இதைச் சொன்னதும் யாழ்ப்பாணத்தான், "சொதிக்கு இரண்டாம் பால்தான் முதல்ல போகும்" என்று ஆரம்பித்தான், வழிகாட்டி எங்களைப் பார்த்து முறைத்தார்.

சுற்றிப்பார்த்து முடிந்ததும் சின்னச் சின்ன கிளாஸில் வரிசையாக ஊற்றினார்கள். ஸ்டீம் செம்பு நிறம். முதல் வாயில் மால்ட்டின் லேசான தித்திப்பு, கருகாத கேரமல், முடிவில் மரப்பட்டை மாதிரி ஒரு கசப்பு. கூலிங் அதிகமில்லை, அதனால்தான் இவ்வளவும் தெரிந்தது. போர்ட்டரைக் குடித்துவிட்டு நண்பன் கொஞ்ச நேரம் பேசவில்லை. அப்புறம், "எங்கட லயன் ஸ்டவுட்டுக்குக் கிட்ட வருது, ஆனா காணாது" என்றான். இலங்கையின் லயன் ஸ்டவுட் எட்டு சதவீதத்தைத் தாண்டிய சரக்கு. அதை உலகத்துக்கு எடுத்துச் சொன்னவர் மைக்கேல் ஜாக்சன். பாடகர் இல்லை, இங்கிலாந்தின் பீர் எழுத்தாளர். ஓல்ட் ஃபாக்ஹார்ன் எனக்குக் கருப்பட்டியும் உலர்திராட்சையும் சேர்த்துக் காய்ச்சியதுபோல இருந்தது. அன்று வீட்டுக்கு நடந்தே போனேன், ஆறு தெரு பன்னிரண்டு தெருவாகத் தெரிந்தது.

கிறிஸ்துமஸ் ஏல் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். 1975-லிருந்து ஒவ்வொரு நவம்பரிலும் வந்துகொண்டிருந்தது. ஒவ்வொரு வருடமும் செய்முறை மாறும், என்ன மசாலா என்று சொல்ல மாட்டார்கள். லேபிளில் ஒவ்வொரு வருடமும் வேறு ஒரு மரம், பெரும்பாலும் ஜிம் ஸ்டிட் என்ற ஓவியர் கையால் வரைந்தது. 2009-இல் நான் முதலில் வாங்கியதில் பட்டை, ஜாதிக்காய், சுக்கு எல்லாம் அடித்தது. அறையில் ஜலதோஷத்தோடு உட்கார்ந்து குடித்தேன். சுக்குமல்லிக் காப்பியின் அமெரிக்க மச்சான் என்று அன்று டைரியில் எழுதியிருக்கிறேன். அன்றிலிருந்து வருடத்துக்கு ஒன்று தவறாமல் வாங்கினேன். குடித்த பாட்டிலின் லேபிளை வெந்நீரில் ஊறவைத்து உரித்து நோட்டில் ஒட்டிவைப்பேன்.

மேட்டாக்கின் கிறுக்குத்தனங்களில் எனக்கு மிகவும் பிடித்தது 1989-இல் செய்தது. சுமேரியர்களின் பீர் தெய்வம் நின்காசி. அவளைப் போற்றி ஏறக்குறைய நாலாயிரம் வருடத்துக்கு முந்தைய களிமண் பலகையில் ஒரு பாட்டு, அதற்குள்ளேயே பீர் செய்முறையும் இருக்கிறது. பென்சில்வேனியா பல்கலைக்கழகத்தின் சாலமன் கட்ஸ் என்ற மானிடவியலாளரோடு சேர்ந்து அந்தப் பாட்டின்படியே பார்லி ரொட்டி சுட்டு, அதை ஊறவைத்துப் பொங்கவிட்டு, பீர் செய்து பார்த்தார்கள். ஹாப்ஸ் கிடையாது. விற்பனைக்கு விடவில்லை. தொழில் நடத்துகிற மனிதர் இதையெல்லாம் எதற்குச் செய்வார் என்று கேட்டால் பதில் இல்லை. 1993-இல் அதே கட்டடத்தில் ரை விஸ்கியும் வடிக்கத் தொடங்கினார், அது வேறு கதை.

எழுபதுகளின் கடைசியில் அமெரிக்கா முழுக்க நூறு பீர் கம்பெனிகூட இல்லை. ஒன்றை ஒன்று விழுங்கிப் பெருத்துக்கொண்டிருந்தன. சின்னதாகவே இருந்து, நல்லதாகச் செய்து, கடன் தீர்த்து நிற்கலாம் என்று காட்ட ஓர் உதாரணம் தேவைப்பட்டது. 1976-இல் சொனோமாவில் நியூ ஆல்பியன் தொடங்கிய ஜாக் மெக்காலிஃப், 1980-இல் சிக்கோவில் சியரா நெவாடா தொடங்கிய கென் கிராஸ்மன் போன்றவர்கள் பார்த்து வளர்ந்தது மேட்டாக்கைத்தான். அவரும் வந்தவர்களை உள்ளே விட்டுக் காட்டியிருக்கிறார். 1978 அக்டோபரில் ஜிம்மி கார்ட்டர் வீட்டில் பீர் காய்ச்சுவதைச் சட்டப்படி அனுமதித்தார், அப்புறம் அணை உடைந்தது. இன்று அமெரிக்காவில் ஒன்பதாயிரத்துக்கு மேல் பீர் கம்பெனிகள். ஸ்டீம் பீர் என்ற பெயரை மட்டும் ஆங்கர் 1981-இல் வணிகச் சின்னமாகப் பதிந்துகொண்டது. மற்றவர்கள் அதே முறையில் செய்தால் கலிபோர்னியா காமன் என்றுதான் சொல்ல வேண்டும். ஊருக்கே பொதுவாக இருந்த பெயரைப் பூட்டி வைத்தது எனக்குச் சரியாகப் படவில்லை. ஆனால் அது ஒன்றுதான் மிஞ்சியிருந்தது என்ற நியாயமும் இருக்கிறது.

பெற்ற பிள்ளைகளே போட்டிக்கு வந்த கதைதான் அப்புறம். பம்பளிமாஸ் வாசனையைப் பத்து மடங்கு ஆக்கிய ஐபிஏக்கள் வந்த பிறகு லிபர்ட்டி ஏல் பழைய ஆள் ஆகிவிட்டது. என்னையே எடுத்துக்கொள்ளுங்கள். 2013-க்குப் பிறகு பாருக்குப் போனால் புதிதாக என்ன என்று கேட்பேனே தவிர ஸ்டீம் கேட்டதில்லை. அது எப்போதும் இருக்கும் என்று நினைப்பு. 2010-இல் மேட்டாக் கம்பெனியை விற்றார், வாங்கியவர்கள் கீத் கிரெகரும் டோனி ஃபோலியோவும். 2017-இல் ஜப்பானின் சப்போரோ அவர்களிடமிருந்து வாங்கியது. 2019-இல் தொழிலாளர்கள் வாக்கெடுத்து, துறைமுகத் தொழிலாளர் சங்கத்தில் சேர்ந்தார்கள். நங்கூரம் கடைசியில் துறைமுகத்துக்கே போய்ச் சேர்ந்தது என்று நாங்கள் சிரித்தோம். 2021-இல் கைவரைந்த லேபிள்களை எடுத்துவிட்டுப் பளீரென்ற மஞ்சளும் நீலமுமாகப் புது லேபிள் போட்டார்கள். கடை அலமாரியில் பார்த்தபோது சலவைப் பவுடர் பாக்கெட்டோ என்று தோன்றியது. துவைக்கும் மெஷின் வம்சத்துக்குப் பொருத்தம்தான், போகட்டும்.

2023 ஜூனில், இனி கிறிஸ்துமஸ் ஏல் கிடையாது, கலிபோர்னியாவுக்கு வெளியே விற்பனையும் கிடையாது என்றார்கள். அப்போதே எனக்கு வயிற்றைக் கலக்கியது. ஜூலை 12-இல் மூடுகிறோம் என்று அறிவிப்பு வந்தது. நோய்த்தொற்றுக் காலத்து நஷ்டம், விலைவாசி, போட்டி என்று காரணங்கள் சொன்னார்கள். ஆங்கர் என்று பெயர் வைத்து 127 வருடம். பூகம்பமும் இரண்டு தீயும் மதுவிலக்கும் செய்யாததை வரவுசெலவுக் கணக்கு செய்துவிட்டது. தொழிலாளர்கள் கூட்டுறவாகச் சேர்ந்து தாங்களே வாங்கப் பார்த்தார்கள், நடக்கவில்லை. நான் அதற்குள் கல்யாணமாகி ஃப்ரீமாண்டுக்கு மாறியிருந்தேன். சனிக்கிழமை ரயில் பிடித்துப் போனேன். எதிர்ப்பக்கம் இருந்த அவர்களுடைய குடிகடையில் வரிசை தெரு முக்குவரை நின்றது. இரண்டு மணி நேரம் நின்று ஒரு ஸ்டீம் குடித்தேன். எனக்கு முன்னால் நின்ற பெரியவர் கையில் பழைய கிளாஸைக் கொண்டுவந்திருந்தார், அதில்தான் ஊற்றச் சொன்னார். திரும்பும்போது தெருவில் மூக்கை உறிஞ்சிப் பார்த்தேன். ஹார்லிக்ஸ் இல்லை.

2024 மே மாதக் கடைசியில் ஹம்தி உலுகாயா என்பவர் வாங்கிவிட்டார் என்று செய்தி வந்தது. துருக்கியில் பிறந்த குர்து இனத்தவர், சோபானி தயிர்க் கம்பெனியைத் தொடங்கியவர். முதலில் சீஸ்காரர் மகன், இப்போது தயிர்க்காரர். கிருமியோடு பழகியவர்களிடம்தான் இது போய்ச் சேர்கிறது.

நான் அதற்குள் பொறுமை இழந்து நானே காய்ச்சத் தொடங்கியிருந்தேன். வீட்டில் பீர் செய்பவர்களுக்குச் சான் பிரான்சிஸ்கோ லாகர் என்ற பெயரிலேயே ஈஸ்ட் பாக்கெட்டில் விற்கிறது. முதல் தடவை அவசரப்பட்டேன். பொங்கி முடிவதற்குள் பாட்டிலில் அடைத்து அலமாரிக்குள் வைத்துவிட்டேன். மூன்றாம் நாள் ராத்திரி இரண்டு மணிக்குப் படார் என்றது. மனைவி திருடன் என்று நினைத்து என்னை எழுப்பினாள். அதற்குள் இன்னொன்று. ஏழு பாட்டில், என் கோட்டு சூட்டில் பாதி, அவளுடைய ஒரு பட்டுப்புடவை. ஸ்டீம் என்று ஏன் பெயர் வந்தது என்ற கேள்விக்கு அன்று என் வீட்டுக்குள்ளேயே சாட்சி கிடைத்தது. புடவையைப் பற்றி இங்கே மேலே எழுத எனக்கு அனுமதி இல்லை.

போன டிசம்பரில் அம்மா வந்திருந்தாள். மூன்றாவது தடவையாக நான் காய்ச்சிக்கொண்டிருந்தேன், கராஜில் பெரிய பாத்திரத்தில் மால்ட் ஊறிக்கொண்டிருந்தது. வாசனை பிடித்து வந்தவள், "இம்புட்டு ஹார்லிக்ஸ் யாருக்குடா?" என்றாள். சொன்னேன். ஒன்றும் பேசவில்லை. கரண்டியை வாங்கி ஒரு சொட்டு உள்ளங்கையில் விட்டு நக்கிப் பார்த்தாள். "இனிப்பாத்தான இருக்கு" என்றாள்.

அன்று ராத்திரி அவளுடைய மாவுப் பானை ஓவனுக்குள், விளக்கைப் போட்டு. என்னுடையது கராஜில், கதவைக் கொஞ்சம் திறந்துவைத்து. காலையில் நான் எழுந்து வரும்போது அவள் டார்ச்சோடு கராஜில் நின்றுகொண்டிருந்தாள். "என்னது பொங்கல, இன்னும் ரெண்டு மணி நேரமாவும். ஒன்னது மூடியத் தள்ளிட்டு நிக்கி, வந்து பாரு."